பெயர், தேதி, எண்: ஒரு போர் விமானியின் நினைவு எங்கே இருக்கிறது?

ஒருவர் கேட்டிருந்தார்: "என் சின்னத் தாத்தா இரண்டாம் உலகப் போரில் ஹரிக்கேன் விமானம் ஓட்டியவர். அவர் போய்ப் பல வருடங்கள் ஆகிவிட்டன. ஒரு லாக் புக் (விமானி தன் ஒவ்வொரு பறப்பையும் எழுதி வைக்கும் புத்தகம்), இரண்டு பதக்கங்கள், விமானத்தின் முன்னால் பதினோரு பேர் ஒரு நாயோடு நிற்கும் படம் (அவரையும் இன்னொருவரையும் தவிர அதில் யாரையும் தெரியவில்லை), காக்பிட்டிலிருந்து கழற்றியதுபோல் ஒரு வட்ட டயல், இவ்வளவுதான் மிச்சம். இவற்றை எப்படிப் பாதுகாப்பது? அருங்காட்சியகங்களில் விமானங்களே இருக்கும்போது இந்தப் பழைய காகிதத்தால் யாருக்கு என்ன பயன்?"

கடைசிக் கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன். அதற்குப் பதில் தெரிந்துவிட்டால் மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

முதல் உலகப் போரில் 80 விமானங்களை வீழ்த்தியதாகக் கணக்கு வைத்திருந்த ஜெர்மன் விமானி மான்ஃப்ரெட் ஃபான் ரிக்ட்ஹோஃபென், 1918 ஏப்ரல் 21 அன்று பிரான்சில் சுடப்பட்டு இறந்தார். அவருடைய சிவப்பு விமானம் பெரிதாக நொறுங்காமல்தான் தரை தொட்டது. ஆனால் சுற்றி இருந்த சிப்பாய்கள் நினைவுப் பொருள் வேண்டும் என்று துணியைக் கிழித்தார்கள், பாகங்களைக் கழற்றினார்கள். இன்று எஞ்சின் லண்டனில் இருக்கிறது, இருக்கை கனடாவில் இருக்கிறது. அவர் கடைசியாக ஓட்டிய மூன்றடுக்கு இறக்கை ஃபோக்கர் வகையில் முழு அசல் விமானம் ஒன்றுகூட உலகில் இப்போது கிடையாது. காட்சிக்கு இருப்பவை எல்லாம் பிற்காலத்தில் செய்த நகல்கள். ஆனாலும் அவர் எந்த நாளில், எந்த ஊருக்கு மேலே, யாரோடு சண்டை போட்டார் என்பது பெரும்பாலும் தெரியும். அவர் எழுதிக் கொடுத்த அறிக்கைகளைப் பிரிட்டிஷ் இழப்புப் பட்டியலோடு வரிவரியாக ஒப்பிட்டு, விழுந்த விமானத்தில் இருந்தவர் யார் என்பதைக்கூட ஆராய்ச்சியாளர்கள் பெரும்பாலான சண்டைகளுக்குக் கண்டுபிடித்துவிட்டார்கள். விமானம் மிஞ்சாமலே இவ்வளவும் தெரிய வந்திருக்கிறது.

இதற்கு நேர்மாறாக, உலோகத்திலிருந்து தொடங்கி ஆளைக் கண்டுபிடித்த கதையும் உண்டு. பிரெஞ்சு எழுத்தாளரும் விமானியுமான அந்துவான் து செந்த்-எக்சுபெரி 1944 ஜூலை 31 அன்று கோர்சிகாவிலிருந்து கிளம்பிப் போனவர் திரும்பவில்லை. அவர் ஓட்டியது லைட்னிங் என்ற போர் விமானத்தின் வேவு வகை. துப்பாக்கிக்குப் பதிலாக அதில் கேமரா இருக்கும். 54 வருடம் கழித்து, 1998-இல், மார்செய் அருகே ஒரு மீனவரின் வலையில் வெள்ளிக் கைச்சங்கிலி ஒன்று சிக்கியது. அதில் அவருடைய பெயரும் மனைவியின் பெயரும் இருந்தன. பலர் நம்பவில்லை. மீனவரே செய்து போட்டிருப்பார் என்றுகூடச் சொன்னார்கள். அப்புறம் அதே பகுதியில் ஒரு முக்குளிப்பவர் விமானச் சிதைவைக் கண்டார். 2003-இல் சில பாகங்களை மேலே எடுத்தார்கள். அதில் ஒரு தகட்டில் 2734 என்று பொறித்திருந்தது. தயாரித்த நிறுவனத்தின் பட்டியலில் அந்த எண்ணைத் தேடியதும், அது எந்த விமானம், அன்று யார் ஓட்டியது என்பது தெளிவாகிவிட்டது. 2004-இல் அதிகாரபூர்வமாக அறிவித்தார்கள். பெயர் பொறித்த சங்கிலியால் முடியாததை நான்கு இலக்கம் முடித்துவைத்தது.

இன்னொன்றும் சேர்த்துச் சொல்ல வேண்டும். 2008-இல் ஒரு முதிய ஜெர்மன் விமானி, "அந்த விமானத்தைச் சுட்டது நான்தான்" என்றார். செய்தி உலகம் முழுவதும் பரவியது. ஆனால் அந்த நாளில் அந்த இடத்தில் அப்படி ஒரு வெற்றியை ஜெர்மன் பதிவு எதுவும் காட்டவில்லை. அவர் பொய் சொன்னார் என்று நான் சொல்ல மாட்டேன். 60 வருடத்துக்கு முந்தைய நாளை மனித மனம் எப்படியெல்லாம் திருத்தி எழுதும் என்பது முதியவர்களிடம் உட்கார்ந்து பேசியவர்களுக்குத் தெரியும். ஆதாரத்தோடு ஒட்டாத நினைவை வரலாற்றில் தனிப் பெட்டியில்தான் வைக்க வேண்டும், அவ்வளவுதான்.

ஆக, நான் இதில் உறுதியாக நம்புவது ஒன்றுதான். ஒரு விமானியின் பெயர், பறந்த தேதி, விமானத்தின் எண், இந்த மூன்றும் ஒன்றையொன்று பிரியாமல் இருக்கும்வரை அவரைப் பற்றி எதையும் திரும்பக் கண்டுபிடிக்கலாம். மூன்றும் ஒன்றாக எழுதியிருக்கும் இடம் லாக் புக். உங்கள் வீட்டில் இருப்பது அதுதான்.

நமக்குப் பக்கத்துக் கதை ஒன்றைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். 1965 செப்டம்பர் 7. இந்திய விமானப்படையின் 1-ஆம் ஸ்குவாட்ரன் (விமானப் பிரிவு), மிஸ்டேர் விமானங்களோடு பாகிஸ்தானின் சர்கோதா விமானத் தளத்தைத் தாக்கப் போனது. ஸ்குவாட்ரன் லீடர் அஜ்ஜமாட போப்பய்ய தேவய்யாவின் பெயர் முதல் பட்டியலில் இல்லை. யாராவது போக முடியாமல் போனால் அந்த இடத்துக்கு வர வேண்டிய மாற்று விமானி அவர். அன்று அவரும் போனார், திரும்பி வரவில்லை. என்ன நடந்தது என்று கூடப் போனவர்கள் யாரும் பார்க்கவில்லை. "காணவில்லை" என்று பதிவானது. பல வருடம் அதற்கு மேல் ஒன்றும் இல்லை.

அதே நாளில் பாகிஸ்தான் தரப்பில் ஒரு ஸ்டார்ஃபைட்டர் விழுந்திருந்தது. ஒலியைப் போல இரண்டு மடங்கு வேகத்தில் போகும் விமானம் அது. மிஸ்டேர் அதோடு ஒப்பிட ரொம்பவே மெதுவானது. ஸ்டார்ஃபைட்டரின் விமானி குதித்து உயிர் தப்பினார். 1979-இல் ஒரு பிரிட்டிஷ் எழுத்தாளர் பாகிஸ்தான் தரப்புத் தகவல்களை வைத்து அந்த விமானப் போரைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். அடிபட்ட ஒரு மிஸ்டேர் தப்பி ஓடாமல் திரும்பி, தன்னைத் துரத்திய ஸ்டார்ஃபைட்டரோடு சண்டையிட்டு அதை வீழ்த்தியது என்ற விவரம் அதில் வந்தது. இந்தியத் தரப்பில் அதைப் படித்தவர்களுக்கு, அந்த நேரத்தில் அந்த இடத்தில் யார் இருந்திருக்க முடியும் என்று கணக்குப் போட வேண்டியிருந்தது. மற்ற எல்லா மிஸ்டேர்களுக்கும் கணக்கு இருந்தது, ஒருவரைத் தவிர. 1988-இல், 23 வருடம் கழித்து, தேவய்யாவுக்கு மகாவீர் சக்ரா கொடுத்தார்கள். அவருடைய மனைவி வாங்கிக்கொண்டார்.

இந்தக் கதையில் ஒருவருடைய வீரத்துக்கு எதிரி சாட்சி என்பதைத்தான் எல்லோரும் சொல்வார்கள். எனக்கு அதைவிடப் பெரிதாகத் தெரிவது வேறு. இரண்டு நாடுகள் தனித்தனியாக எழுதி வைத்த தேதியும் நேரமும் இடமும் பொருந்தின. யாராவது ஒரு தரப்பில் அந்தப் பக்கங்களைத் தூக்கிப் போட்டிருந்தால் அவர் இன்றும் "காணவில்லை" பட்டியலில் ஒரு வரிதான்.

"காணவில்லை" என்ற சொல் சும்மா இருக்காது, சில சமயம் தண்டனையாகவும் மாறும். சோவியத் பெண் போர் விமானி லிடியா லித்வியாக் 1943 ஆகஸ்ட் 1 அன்று சண்டையில் மறைந்தார். வயது 21. உடல் கிடைக்கவில்லை. எதிரியிடம் பிடிபட்டிருக்கலாம் என்ற சந்தேகத்தினால் அவருக்கு வர வேண்டிய உயர்ந்த விருது நின்றுபோனது. கூட இருந்தவர்கள் பல பத்தாண்டுகள் வயல்வெளிகளில் சிதைவுகளைத் தேடித் திரிந்தார்கள். 1990-இல்தான் சோவியத் யூனியனின் வீரர் பட்டம் கிடைத்தது. அவருடையது என்று சொல்லப்படும் கல்லறை உண்மையில் அவருடையதா என்ற வாதம் இன்னும் ஓயவில்லை.

சரி, காகிதம் எல்லாம் உண்மை சொல்லுமா? இல்லை. போர்க்கால எண்ணிக்கைகளை அப்படியே நம்பினால் ஏமாறுவீர்கள். 1940 செப்டம்பர் 15 அன்று 185 ஜெர்மன் விமானங்களை வீழ்த்தியதாகப் பிரிட்டன் அறிவித்தது. போர் முடிந்த பிறகு ஜெர்மன் பதிவுகளைப் பார்த்தபோது உண்மை இழப்பு சுமார் 60 என்று தெரிந்தது. விமானிகள் புளுகினார்கள் என்று அர்த்தமில்லை. மூன்று பேர் தனித்தனியாக ஒரே விமானத்தைச் சுடுவார்கள். அது புகை விட்டுக்கொண்டு மேகத்துக்குள் இறங்கும். மூவரும் தன்னுடையது என்றே எழுதுவார்கள். மூவரும் பார்த்தது நிஜம்தான். அதனால் ஒரு விமானி "ஐந்து வீழ்த்தினார்" என்று குடும்பத்தில் சொல்லி வந்தால், அதைக் குறைத்தும் சொல்லாதீர்கள், கூட்டியும் சொல்லாதீர்கள். "ஐந்து என்று பதிவு" என்று எழுதுங்கள். அது போதும்.

அமெரிக்காவின் டஸ்கீகி விமானிகள் விஷயத்திலும் இதுதான் நடந்தது. நிறவெறியின் நடுவே பயிற்சி பெற்ற இந்தக் கறுப்பின விமானிகள், தாங்கள் காவல் போன குண்டுவீச்சு விமானங்களில் ஒன்றைக்கூட எதிரி விமானங்களிடம் இழக்கவில்லை என்று பல பத்தாண்டுகள் சொல்லப்பட்டது. 2006 வாக்கில் விமானப்படையின் சொந்தப் பதிவுகளையே தோண்டிப் பார்த்தபோது, குறைந்தது 25 விமானங்களாவது இழந்திருந்தது தெரிந்தது. சிலர் கோபப்பட்டார்கள். எனக்கு இதில் கோபப்பட ஒன்றும் இல்லை. அவர்களுடைய இழப்பு மற்ற காவல் பிரிவுகளைவிடக் குறைவுதான் என்பதும் அதே பதிவுகளில்தான் இருந்தது. பூஜ்யத்தைப் பிடித்துத் தொங்கியிருந்தால் அந்த உண்மையையும் யாரும் நம்பியிருக்க மாட்டார்கள்.

இனி உங்கள் லாக் புக். அதைத் திறந்து வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

பிரிட்டிஷ் முறையில் அச்சிட்ட புத்தகமாக இருந்தால், இடது பக்கத்தில் தேதி, விமான வகை, விமானத்தின் எண், ஓட்டியவர், கூடப் போனவர், பணி என்று கட்டங்கள் இருக்கும். வலது பக்கத்தில் பறந்த நேரம், பகலும் இரவும் தனித்தனியாக. ஓட்டியவர் கட்டத்தில் "செல்ஃப்" என்று இருந்தால் அவரே ஓட்டினார் என்று பொருள். அதற்கு முந்தைய பக்கங்களில் வேறொருவர் பெயர் இருந்து, இவர் பெயர் இரண்டாம் கட்டத்தில் இருந்தால் அது பயிற்சிக் காலம். இரண்டாம் கட்டத்திலிருந்து முதல் கட்டத்துக்கு அவர் மாறும் அந்த ஒரு வரியைத் தேடிப் பாருங்கள். முதல் தனிப் பறப்பு அதுதான். பெரும்பாலும் பத்துப் பதினைந்து நிமிடத்துக்கு மேல் இருக்காது.

சிவப்பு மையைப் பார்த்ததும் ஏதோ சண்டை என்று நினைக்காதீர்கள். இரவுப் பறப்பைச் சிவப்பில் எழுதுவது வழக்கம். பணிக் கட்டத்தில் "டி.என்.சி.ஓ." என்று வந்தால் போன வேலை முடியாமல் திரும்பினார்கள் என்று அர்த்தம். வானிலையோ எஞ்சின் கோளாறோ காரணமாக இருக்கலாம். நேரக் கட்டத்தில் 1.30 என்று இருந்தால் அது ஒன்றரை மணி நேரம், ஒன்றே கால்சொச்சம் இல்லை. கணினியில் ஏற்றி அப்படியே கூட்டினால் மொத்தம் தப்பாக வரும். இதை நானும் ஒரு தடவை செய்திருக்கிறேன். நூறு மணி நேரத்துக்கு மேல் வித்தியாசம் வந்த பிறகுதான் உறைத்தது.

மாதக் கடைசியில் ஒரு சுருக்கமும் அதன் கீழே மேலதிகாரியின் கையெழுத்தும் இருக்கும். கையெழுத்து மாறுவதைக் கவனியுங்கள். நடு மாதத்தில் ஸ்குவாட்ரன் தலைவர் மாறினால் இடமாற்றமாக இருக்கலாம், இறப்பாகவும் இருக்கலாம். பின் பக்கங்களில் திறமை மதிப்பீடு ஒட்டியிருக்கும். "சராசரி" என்று பார்த்தால் மனம் வாட வேண்டாம். அந்தக் காலத்து மதிப்பீட்டில் சராசரி என்பது தகுதியான விமானி என்பதற்கான சாதாரணச் சொல். மிகப் பெரும்பாலோருக்கு அதுதான்.

இப்படிப்பட்ட புத்தகங்கள் ஏராளமாக இருக்கும் என்று நினைப்பீர்கள். போரில் இறந்த பிரிட்டிஷ் விமானப்படையினரின் லாக் புக்குகளை அரசு பல வருடம் வைத்திருந்தது. யாரும் கேட்டு வராதவற்றில் பெரும்பகுதியை 1960 வாக்கில் அழித்துவிட்டார்கள். மாதிரிக்குச் சிலவற்றை மட்டும் வைத்துக்கொண்டார்கள். இடப் பற்றாக்குறைதான் காரணம். ஆகவே குடும்பங்களின் அலமாரியில் தப்பியவற்றுக்கு இவ்வளவு மதிப்பு.

பாதுகாக்கும் முறை ரொம்ப எளிது. லேமினேட் செய்யாதீர்கள். கிழிந்த இடத்தில் செல்லோ டேப் ஒட்டாதீர்கள், பசை மஞ்சளாகிக் காகிதத்தைத் தின்றுவிடும். ரப்பர் பேண்ட், குண்டூசி, ஸ்டேப்ளர் கம்பி எதுவும் வேண்டாம். அமிலம் இல்லாத காகித உறையில் போட்டு, அதே தரமுள்ள அட்டைப் பெட்டியில் படுக்கை வசத்தில் வையுங்கள். பரணிலும் வேண்டாம், ஈரச் சுவரை ஒட்டிய அலமாரியிலும் வேண்டாம். மனிதர் வசதியாகத் தூங்கக்கூடிய அறைதான் காகிதத்துக்கும் நல்லது. அட்டையிலிருந்து அட்டைவரை எல்லாப் பக்கத்தையும், வெற்றுப் பக்கம் உட்பட, அங்குலத்துக்கு 600 புள்ளி அடர்த்தியில் ஸ்கேன் செய்யுங்கள். இடையில் செருகியிருக்கும் துண்டுச் சீட்டு எந்தப் பக்கத்தில் இருந்தது என்பதையும் குறித்து வையுங்கள். ஸ்கேன் கோப்புகளை இரண்டு வெவ்வேறு வீடுகளில் வைத்தால் நிம்மதி.

பதக்கங்களுக்கு வருவோம். பாலிஷ் போடாதீர்கள். அதைவிட முக்கியமான விஷயம், அவற்றை லாக் புக்கிலிருந்து பிரிக்காதீர்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பிரிட்டன் கொடுத்த போர்க்கள நட்சத்திரப் பதக்கங்களில் பெயர் பொறிக்கவில்லை. லட்சக்கணக்கில் ஒரே மாதிரி வார்த்தவை. சிறப்புப் பறப்புச் சிலுவை (டி.எஃப்.சி.) என்ற வீரப் பதக்கத்தில்கூடப் பின்பக்கம் வருடம் மட்டும்தான் அரசு பொறித்துக் கொடுத்தது. பெயர் வேண்டுமென்றால் குடும்பமே பொறித்துக்கொள்ள வேண்டும். பெட்டியிலிருந்து வெளியே போன நொடியில் அது யாருடையதும் ஆகலாம். சொத்துப் பிரிக்கும்போது ஒருவருக்குப் பதக்கம், ஒருவருக்குப் புத்தகம், ஒருவருக்குப் படம் என்று பங்கு போடுகிறார்களே, நியாயமாகத்தான் செய்கிறார்கள், ஆனால் அன்றோடு அந்த மனிதர் மூன்று துண்டு. ஒருவரே எல்லாவற்றையும் வைத்துக்கொண்டு மற்றவர்களுக்கு ஸ்கேன் கொடுப்பது நல்லது.

அந்த வட்ட டயல் பற்றி ஒரு எச்சரிக்கை. இருட்டில் ஒளிர வேண்டும் என்று அந்தக் காலத்து டயல்களின் எண்களுக்கு ரேடியம் கலந்த பூச்சு அடித்தார்கள். ஒளிர்வு எப்போதோ நின்றிருக்கும். ஏனென்றால் ஒளிரும் பொருள் சிதைந்துவிட்டது. ஆனால் ரேடியம் பாதியாகக் குறையவே சுமார் 1,600 வருடம் ஆகும். கண்ணாடி உடையாமல் இருக்கும்வரை பெரிய பயமில்லை. திறந்து துடைக்க முயலாதீர்கள், பழுப்பாக உதிரும் தூளை மூச்சில் இழுக்காதீர்கள், குழந்தைகள் கையில் கொடுக்காதீர்கள். விமான அருங்காட்சியகம் ஒன்றில் கேட்டால் அளந்து சொல்வார்கள். உங்கள் பெட்டியில் புத்தகத்தோடு சேர்த்து வைக்கக் கூடாத ஒரே பொருள் இதுதான்.

உயிரோடு இருப்பவர்களைப் பற்றி ஒரு வார்த்தை. 1940-இல் பிரிட்டன் மேலே நடந்த விமானப் போரில் பங்கெடுத்த கிட்டத்தட்ட 3,000 பேரில் கடைசியானவர், டப்ளினில் பிறந்த ஜான் ஹெமிங்வே, 2025 மார்ச்சில் 105 வயதில் காலமானார். அந்தத் தலைமுறையிடம் கேட்கும் காலம் முடிந்துவிட்டது. ஆனால் 1965-லும் 1971-லும் பறந்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர்களிடம் போனால் "பயமாக இருந்ததா?" என்று கேட்காதீர்கள். எல்லோருக்கும் அதற்கு ஒரு தயார்ப் பதில் உண்டு. லாக் புக்கில் ஒரு வரியைக் காட்டி, "இந்த நாள் காலையில் எத்தனை மணிக்கு எழுந்தீர்கள்? விமானம் வரை எப்படிப் போனீர்கள்? ஸ்டார்ட் செய்தது யார்?" என்று கேளுங்கள். கையில் வரி இருந்தால் மனம் கதை கட்டாது, நினைவுக்குப் போகும். தரையில் வேலை பார்த்தவர்களிடமும் கேளுங்கள். மெக்கானிக்குகளுக்கு ஒவ்வொரு விமானத்தின் குணமும் தெரியும். யாரும் அவர்களிடம் மைக்கை நீட்டுவதில்லை.

இப்போது விமானங்கள். பழைய போர் விமானத்தைப் பறக்கவிட வேண்டுமா, அப்படியே வைக்க வேண்டுமா என்பது இந்த வட்டாரத்தில் ஓயாத சண்டை. ஸ்பிட்ஃபயர் என்ற பிரிட்டிஷ் போர் விமானத்தை 20,000-க்கு மேல் செய்தார்கள். இன்று பறப்பவை சில பத்துகள். பறக்கும் ஒன்றின் சத்தத்தைத் தரையிலிருந்து ஒருமுறை கேட்டவர் அதன் பிறகு இந்த வரலாற்றை விடமாட்டார் என்பது நிஜம். பிரிட்டிஷ் விமானப்படை 1957 முதல் இதற்கென்றே ஒரு பிரிவு வைத்திருக்கிறது. அதற்கு விலையும் உண்டு. 2024 மே மாதத்தில் அந்தப் பிரிவின் ஸ்பிட்ஃபயர் ஒன்று விழுந்து அதன் விமானி இறந்தார்.

இன்னொரு சங்கடமும் இருக்கிறது. 1940 மே மாதம் பிரான்சில் சங்கத் கடற்கரையில் இறக்கப்பட்டு மணலில் புதைந்த என்3200 என்ற ஸ்பிட்ஃபயரை 1986-இல் தோண்டி எடுத்து, 2014-இல் பறக்க வைத்தார்கள். இப்போது இங்கிலாந்தின் டக்ஸ்ஃபோர்ட் விமான அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அருமையான வேலைதான். ஆனால் நாற்பத்தாறு வருடம் உப்பு மணலில் கிடந்த அலுமினியத்தை வைத்து யாரும் பறக்க முடியாது. பெரும்பகுதி புதிது. எண்ணும் கதையும் மட்டும் பழையது. அது தவறில்லை, பெயர்ப்பலகையில் அதை மறைக்காமல் சொன்னால்.

நான் எந்தப் பக்கம் என்று கேட்டால், பழைய பெயிண்ட் பூச்சின் பக்கம். ஆஸ்திரேலியப் போர் நினைவகத்தில் போர்க்காலப் பூச்சு மாறாத ஸ்பிட்ஃபயர் ஒன்று இருக்கிறது. பளபளப்பு இல்லை, அங்கங்கே தேய்ந்திருக்கும். மங்கியிருக்கும் அந்த இடங்கள்தான் மனிதர்கள் ஏறி இறங்கிய இடங்கள். இதற்கு எதிராக ஒன்று: 1942-இல் எகிப்துப் பாலைவனத்தில் இறங்கிய ஒரு கிட்டிஹாக் விமானம், 70 வருடம் கழித்து, 2012-இல், மணலில் அப்படியே கிடந்தது. அதன் விமானி நடந்தே எங்கோ போய் இறந்திருக்கிறார், உடல் கிடைக்கவில்லை. பிறகு அதை எல் அலமீன் அருங்காட்சியகத்தில் வைத்தபோது மேலே புதுப் பெயிண்ட் அடித்திருந்தார்கள். வெயிலும் காற்றும் 70 வருடம் தொடாமல் விட்டதை ஒரு பிரஷ் முடித்துவிட்டது. டோர்னியர் என்ற ஜெர்மன் குண்டுவீச்சு விமானம் ஒன்றை 2013-இல் இங்கிலாந்தை ஒட்டிய கடலடியிலிருந்து எடுத்தபோது இப்படிச் செய்யவில்லை. உப்பு வெளியேறும்வரை நீண்ட காலம் சிட்ரிக் அமிலக் கரைசலைத் தெளித்துக்கொண்டே இருந்தார்கள். எலுமிச்சையில் இருக்கும் அதே அமிலம்தான்.

யாராவது உங்களிடம் "விழுந்த இடம் தெரியும், தோண்டலாம் வா" என்று வந்தால் கிளம்பாதீர்கள். பிரிட்டனில் 1986-ஆம் வருடச் சட்டப்படி, ராணுவ விமானம் விழுந்த எந்த இடத்தையும் அனுமதி இல்லாமல் தொடக் கூடாது. அமெரிக்காவில் மூழ்கிய ராணுவ விமானங்களுக்கு 2004-இலிருந்து இப்படி ஒரு சட்டம் உண்டு. பழைய குண்டுகள் இன்னும் வெடிக்கலாம் என்பது ஒரு காரணம். இன்னொரு காரணம், அது ஒருவருடைய கல்லறையாக இருக்கலாம். முறைப்படி செய்யும்போது எவ்வளவு அழகாக அமையும் என்பதற்கும் உதாரணம் உண்டு. 2004-இல் லண்டனில் பக்கிங்ஹாம் அரண்மனைச் சாலையைத் தோண்டி ஒரு ஹரிக்கேனின் எஞ்சினை எடுத்தார்கள். 1940-இல் அதிலிருந்து குதித்துத் தப்பிய ரே ஹோம்ஸ் அப்போது உயிரோடு இருந்தார்.

கடைசியாக உங்கள் படம். பதினோரு பேரில் சின்னத் தாத்தாவையும் இன்னொருவரையும் தவிர யாரும் தெரியவில்லை என்றீர்கள். முதலில் விமானத்தின் பக்கவாட்டைப் பூதக்கண்ணாடி வைத்துப் பாருங்கள். வாலுக்கு முன்னால் சின்ன எழுத்தில் ஓர் எழுத்தும் நான்கு இலக்கமுமோ, இரண்டு எழுத்தும் மூன்று இலக்கமுமோ தெரிந்தால், அதே எண் லாக் புக்கில் எந்தெந்தத் தேதிகளில் வருகிறது என்று தேடுங்கள். படம் எடுத்த மாதம் ஏறக்குறையக் கிடைத்துவிடும். அப்புறம் அந்த ஸ்குவாட்ரனின் செயல்பாட்டுப் பதிவேட்டைத் தேட வேண்டும். ஒவ்வொரு ஸ்குவாட்ரனும் அன்றன்றைக்கு யார் எந்த விமானத்தில் எத்தனை மணிக்கு ஏறி எத்தனை மணிக்கு இறங்கினார் என்று தனியாக எழுதி வைத்தது. பிரிட்டிஷ் விமானப்படையினுடையவை லண்டனில் கியூ பகுதியில் உள்ள தேசிய ஆவணக்காப்பகத்தில் இருக்கின்றன, பெரும்பாலும் இணையத்திலும் படிக்கலாம். அந்த மாதத்துப் பெயர்களை எழுதி எடுங்கள். படத்தில் இருப்பவர்களின் சட்டையில் தெரியும் பதவிப் பட்டைகளோடு ஒப்பிடுங்கள். ஐந்தாறு பெயர்களாவது தேறும். தேறியவற்றைப் படத்தின் பின்னால், ஓரமாக, மெல்லிய பென்சிலால், இடமிருந்து வலமாக எழுதுங்கள். பேனா வேண்டாம், முன்பக்கம் ஊறிவிடும். உறுதியில்லாத பெயருக்குப் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போடுங்கள்.

அந்தப் பதிவேடுகளை எழுதியவர்கள் சில சமயம் அலுத்துப்போய் மழை, விருந்து, கிரிக்கெட் என்று எல்லாவற்றையும் எழுதி வைத்திருப்பார்கள். ஸ்குவாட்ரன் நாய்கள்கூட அதில் வரும். உங்கள் படத்தில் நிற்கும் நாயின் பெயர் அகப்பட்டால் எனக்கும் சொல்லுங்கள்.